வலப்பக்கத்துப் பொட்டலம்

என் மகளுக்கு ஆறு வயதாகியும் பேச்சு வரவில்லை. கூப்பிட்டால் திரும்பமாட்டாள். மலைமேல் பெரக்கரை நாட்டில் எங்கள் ஊர்க்காரர்கள் முதலில் பைத்தியம் என்றார்கள். பிறகு ஒருநாள் கோயிலில் பூ கேட்கும்போது, பொட்டலம் எடுக்க வேறு பிள்ளை கிடைக்காமல் இவளை உட்காரவைத்தார்கள். இலையில் மடித்த இரண்டு பொட்டலங்கள். வெள்ளை அரளி வந்தால் காரியத்தைச் செய்யலாம், சிவப்பு வந்தால் கூடாது. இவள் எடுத்ததில் வெள்ளை வந்தது, கேட்ட காரியமும் நடந்தது. அன்றிலிருந்து சாமி ஆகிவிட்டாள்.

எனக்குத் தலைகால் புரியவில்லை. என்னைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டவர்களெல்லாம் அவள் காலைத் தொட்டார்கள். ஆனால் ஒன்று எனக்குத் தெரியும். சோற்றுத் தட்டோ துணியோ, இரண்டை முன்னால் வைத்தால் வலப்பக்கம் இருப்பதைத்தான் எடுப்பாள். கோயிலிலும் அப்படித்தான். சொன்னால் மறுபடி பைத்தியம் என்பார்களே என்று வாயை மூடிக்கொண்டேன்.

தொண்ணூற்றெட்டில் பக்கத்து வீட்டுக்காரர் வந்தார். அவர் மனைவிக்கு மாதம் நெருங்கியிருந்தது. காலும் முகமும் வீங்கிக் கிடந்தன.

“கீழ ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோலாமான்னு சாமிகிட்டக் கேக்கோணுங்க்கா” என்றார்.

மகள் வலப்பக்கம் எடுத்தாள். சிவப்பு. அவர்கள் போகவில்லை. பிள்ளை பிழைத்தது, அந்தப் பெண் பிழைக்கவில்லை.

அடுத்த வருடம் சேலத்தில் ஒரு டாக்டர் ஆட்டிசம் என்றார். ஒன்றையே ஒரே மாதிரி செய்வதில் இவர்களுக்கு ஒரு நிம்மதி என்றார். எனக்கு இருந்த கொஞ்ச நிம்மதியும் போயிற்று. மிளகு காயப்போடும்போதுகூட அந்த வீங்கிய முகம் முன்னால் வந்து நிற்கும். சாமி என் மகளிடம் இருக்கிறது என்று இன்றும் நம்புகிறேன். பொய் என்றால் என்னவென்றே தெரியாத பிள்ளை அவள். பொய் முழுக்க என்னுடையது.

சில மாதம் கழித்துப் பக்கத்து வீட்டுக்காரர் மறுபடி வந்தார். தோளில் அந்தத் தாயில்லாப் பிள்ளை காய்ச்சலில் துவண்டு கிடந்தது.

“கீழ போலாமா வேண்டாமான்னு சாமி ஒருக்கா எடுத்துச் சொல்லட்டுங்க்கா.”

எங்கள் மேல் அவர் ஒரு குறையும் சொன்னதில்லை. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

“கேக்காதீங்க, மொதல்ல பஸ்ஸப் புடிங்க. அவ எப்பவும் வலப்பக்கந்தான் எடுப்பா. எனக்குத் தெரியும்” என்றேன்.

பிள்ளையை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டார். “அன்னைக்கும் தெரியுங்களா?”

“தெரியுங்க.”

குனிந்து என் மகளின் காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். என்னைப் பார்க்காமல் பஸ்ஸுக்கு நடந்தார்.