மிளகாய் நெடி

போன வருஷம் மழைக்காலத்தில் நடந்தது. பெங்களூர் தொம்மலூரில் இருக்கிறேன். ஒரு ஆபீசின் குழந்தைகள் காப்பகத்தில் ஆயா வேலை.

பக்கத்து வீட்டுக்கு ஒரு கணவன் மனைவி வாடகைக்கு வந்தார்கள். ஈரோட்டுப் பக்கம். இரண்டு பேருக்கும் கம்ப்யூட்டர் வேலை. ஒரு பெண் குழந்தை. அது என்னிடம் ஒட்டிக்கொண்டது.

ஒருநாள் சாயங்காலம் குழந்தை அழுகையை நிறுத்தவே இல்லை. "கண்ணு பட்டிருக்கும்க்கா. சுத்திப் போடுங்களேன். அவர் வர்றதுக்குள்ள. அவருக்கு இதெல்லாம் புடிக்காது" என்றாள் அதன் அம்மா. உப்பும் மிளகாயும் எடுத்துக் குழந்தையைச் சுற்றினேன். வாசலில் நெருப்பில் போட்டேன். கண் பட்டிருந்தால் நெடி வராது என்பார்கள். அன்று தெருவே இருமியது.

"யார் கண்ணும் படலடி, மொளகாதான் பட்டுச்சு" என்று எதிர்வீட்டுக்காரி மூக்கைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

அந்த நேரம் பார்த்துக் கணவர் வந்துவிட்டார். குழந்தைக்கும் இருமல். "எம் புள்ளைய என்ன பண்றீங்க?" என்று கத்தினார். அந்தப் பெண் பயத்தில் வாய் திறக்கவில்லை. நானும் திறக்கவில்லை.

போலீசுக்குப் போனார். அவர்கள் புகாரை எடுக்கவில்லை. விடாமல் நேராகக் கோர்ட்டில் கேஸ் போட்டார். மந்திரம் செய்து, விஷப்புகை காட்டிக் குழந்தையைக் கொல்லப் பார்த்தேனாம். எனக்கு நோட்டீஸ் வந்தது. காப்பகத்து மேடம், "கேஸ் முடியட்டும்மா, அப்புறம் வாங்க" என்றார். அவரைக் குற்றம் சொல்ல முடியாது. இப்படி ஒரு பேர் எடுத்தவள் கையில் யார் குழந்தையைக் கொடுப்பார்கள்?

இலவச உதவிக்கு வந்த வக்கீல் சின்னப் பெண். "யாராவது சொல்லித்தானே செஞ்சிருப்பீங்க? சொல்லித் தொலைங்கம்மா" என்று தலையில் அடித்துக்கொண்டாள். நான் சொல்லவில்லை. சொன்னால் புருஷன் பெண்டாட்டி சண்டையில் பக்கத்து வீட்டில் அடுப்பு எரியாது.

கோர்ட்டில் ஜட்ஜ் எல்லாவற்றையும் படித்தார். குழந்தைக்கு என்ன ஆனது என்று கணவரைக் கேட்டார். இருமியது என்றார். அப்புறம்? அப்புறம் ஒன்றும் இல்லை.

ஜட்ஜ் குழந்தையின் அம்மாவைக் கூப்பிட்டார்.

"ஆமேலே மகு மலகிதா?" அதற்கப்புறம் குழந்தை தூங்கியதா என்று கன்னடத்தில் கேட்டார்.

"மலகித்து சார்" என்றாள். அதோடு நிறுத்தியிருக்கலாம். சாட்சிக் கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு, கணவர் பக்கம் திரும்பாமல், "நானே ஹேளித்து சார்" என்றாள். நான்தான் சொன்னேன் என்று அர்த்தம்.

இதில் குற்றம் எங்கே இருக்கிறது என்று கேட்டு ஜட்ஜ் புகாரைத் தள்ளுபடி செய்தார்.

வெளியே வந்தோம். அப்பா தோளில் இருந்த குழந்தை என்னைப் பார்த்ததும் தாவியது. அவர் கொஞ்சம் இழுத்துப் பிடித்தார். பிறகு கையைத் தளர்த்தினார்.

"வச்சிருங்க. ஆட்டோ பாத்துட்டு வர்றேன்" என்றார், தரையைப் பார்த்துக்கொண்டு.

எல்லோரும் ஒரே ஆட்டோவில் வீட்டுக்கு வந்தோம். வழியிலேயே குழந்தை என் மேல் தூங்கிவிட்டது.

வேலைக்குத் திரும்பிவிட்டேன். இன்றும் காப்பகத்தில் ஏதாவது ஒரு குழந்தை தோளில் தூங்கிப்போனால், கோர்ட்டில் அவள் சொன்ன அந்த வார்த்தைதான் நினைவுக்கு வருகிறது; அது மட்டும் இல்லாவிட்டால் இந்தத் தோள் சும்மா கிடந்திருக்கும்.