இரண்டு வேளைச் சோறும் ஒரே வயிறும்

மலாயாவில் வெள்ளைக்காரன் அவசரகாலம் அறிவித்திருந்தபோது, எங்கள் ரப்பர் தோட்டத்துக் குடியிருப்பின் கம்பிவேலிக்கு வெளியே ஒரு பிடி சோறுகூடக் கொண்டுபோகக் கூடாது. காட்டில் ஒளிந்திருக்கும் கம்யூனிஸ்டுகள் கைக்குப் போய்விடுமாம். அதனால் பால்மரம் வெட்டி ரப்பர்ப் பால் எடுக்கப் போகிற நாங்கள், விடியுமுன்பே இரண்டு வேளைச் சோற்றையும் சேர்த்துத் தின்றுவிட்டுக் கிளம்புவோம். கேட்டில் போலீஸ்காரர்கள் தூக்குச்சட்டியைத்தான் சோதிப்பார்கள். வயிற்றைத் திறந்தா பார்ப்பார்கள்?

நாற்பது நாள் குழந்தையான என் மகளுக்கும் அதையே செய்தேன். மதியம் வரை தாங்கட்டும் என்று, அவள் முகத்தைத் திருப்பத் திருப்ப மார்போடு அழுத்திப் பால் கொடுத்து, பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாவிடம் விட்டேன். அவள் ஆயாவின் தோளில் கக்கினாள். நான் பத்தாவது மரத்தடியில் கக்கினேன்.

மூன்றாம் நாள் ஆயா கத்தினாள்: "அது வயிறா, கோணிச் சாக்கா? கோழிமுட்ட அளவுதான் இருக்கும் லா! கொஞ்சமாக் குடு. பத்து மணிக்கு கேட்டுக்குத் தூக்கிட்டு வரேன், வந்து மறுபடி குடு."

அப்படியே செய்தோம். மகள் கக்குவதை நிறுத்திவிட்டாள். நான் நிறுத்தவில்லை. அவளைத் தூக்கி வர ஆயா இருந்தாள். சோற்றைத் தூக்கிக்கொண்டு கேட்டுப் பக்கம் வர யாருக்கும் தைரியமில்லை.