அம்மாவுக்கு முன்கூட்டியே போட்ட பலி

என் தம்பி, அம்மா உயிரோடு இருக்கும்போதே அவளுக்குப் பலி போட்டுவிட்டான், செத்தவர்களுக்குச் சோறு வைத்துக் கை தட்டிக் காக்கையைக் கூப்பிடுவோமே, அந்தப் பலி. கோபத்தில் சொல்லவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

கழக்கூட்டம் என்கிற ஊரில் கம்ப்யூட்டர் வேலை பார்த்தவன் அவன். நான் அங்கேயே மெஸ் நடத்துகிறேன். ஒருநாள் வேலையை விட்டுவிட்டு, வித்துராவுக்கு மேலே ரப்பர்த் தோட்டத்துக்குள் இருக்கும் ஒரு மடத்தில் போய்ச் சேர்ந்தான். காலத்தைத் தியானிக்கிற மடம். பொன்முடி மலைச்சாலை முழுசாகக் கிடப்பதுபோல எல்லா நாட்களும் ஏற்கெனவே கிடக்கின்றனவாம், நாம்தான் அதன்மேல் ஊர்ந்துபோகிறோமாம். கண்ணை மூடிப் பழகினால் எந்த வளைவிலும் போய் நிற்கலாமாம். புரிந்துகொள்ள நானும் முயன்றேன். தலைவலிதான் வந்தது.

போன மழைக்காலத்தில் அம்மாவுக்கு இருதய வால்வு கெட்டுப்போனது. ஆபரேஷனைத் தள்ளிப்போட்டால் ஆபத்து என்றார் டாக்டர். அம்மா சம்மதிக்கவில்லை.

"அவன் வராம நான் உள்ள போமாட்டேன். அப்படியே போய்ச் சேந்துட்டேன்னா எனக்கு ஆரு பலி போடுவா? சாமியாராப் போனவன் போடுவானா?"

"நான் போடுதேன், போதுமா?"

"நீ பொம்பள."

பீ மூத்திரம் எடுக்கப் பொம்பளை ஆகும். பலி போட ஆகாது. பல்லைக் கடித்துக்கொண்டு தம்பானூரில் பஸ் ஏறினேன்.

வித்துராவில் இறங்கி மடத்துக்குப் போகணும் என்றதும் ஆட்டோக்காரர் சிரித்தார்.

"சேச்சி, அவங்கள்ட்ட சண்டைக்குப் போகண்டா, கேட்டோ. மழைக்கு முன்னாலயே குடை பிடிச்சு நடப்பாங்க. மழை வரும்போ மடக்கி வச்சிட்டு நனைவாங்க. கேட்டா, மழை கழிஞ்சு போச்சுன்னு சொல்லுவாங்க."

தம்பி வாசலுக்கு வந்தான். மடத்தில் மற்றவர்களுக்கெல்லாம் முடி இருந்தது. இவன் மட்டும் மொட்டை.

"என்னலே இது?"

"அம்மாவுக்குக்கா. பலி போட்டாச்சு."

அங்கே அது வழக்கமாம். ரத்த சம்பந்தம் உள்ள ஒவ்வொருவருக்கும் ஒரு தடவை, அவர்களுடைய கடைசி நாளுக்கு மனசால் போய் உட்கார்ந்து, அழுது முடித்து, ஓடையில் குளித்து, பலிச்சோறு வைத்துவிட வேண்டும். துக்கத்தைப் பாக்கி வைத்துக்கொண்டு காலத்தைப் படிக்க முடியாதாம்.

"அம்மா அங்க ஆஸ்பத்திரியில இட்லி தின்னுக்கிட்டு இருக்கா, சவமே!"

கன்னத்தில் ஒன்று கொடுத்தேன். தடவிக்கொண்டான்.

"நீ அடிப்பேன்னு தெரியும்."

"தெரிஞ்சா ஒதுங்கியிருக்கலாம்லலே?"

"ஒதுங்கமாட்டேன்னும் தெரியும்லா."

சண்டை போட்டு இழுத்துவரத்தான் போயிருந்தேன். அவனோ பையை எடுத்துக்கொண்டு எனக்கு முன்னால் ஆட்டோவில் ஏறி உட்கார்ந்துவிட்டான். மிச்சமிருந்த கோபத்தை என்ன செய்வதென்று தெரியவில்லை. பஸ்ஸில் வரும்போது, "அம்மாட்ட வாயத் தொறக்காத" என்றேன். "கேட்டா சொல்லுவேன்" என்றான்.

அம்மா பார்த்தவுடனே கேட்டாள். "ஆருக்குலே மொட்டை?"

"உனக்குத்தாம்மா. நீ போற நாளு வரைக்கும் போய், இருந்து, பலி போட்டுட்டு வந்தேன்."

அம்மாவுக்கு அந்த இடத்திலேயே உயிர் போய்விடும் என்று நினைத்தேன். அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"முறைப்படி போட்டியா?"

"போட்டேன்."

"காக்கா எடுத்துதா?"

"கை தட்டினதும் வந்துட்டு."

அம்மாவின் முகம் தெளிந்துவிட்டது. நர்ஸைக் கூப்பிட்டு, "இனி எங்க வேணும்னாலும் கொண்டு போங்க மோளே" என்றாள். இரண்டு பேரில் யாருக்குப் பைத்தியம் என்று எனக்கு விளங்கவில்லை.

ஆபரேஷன் நன்றாக முடிந்தது. டாக்டர் வந்து சொன்னதும் தம்பி எழுந்து பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்டான். அம்மா கண் விழிக்கும்வரை இருந்தால் என்ன? கேட்டதற்குச் சிரித்தான்.

இப்போது அம்மா வீட்டில் இருக்கிறாள். உப்பைத் தொடக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அவள் மாங்காய் ஊறுகாயை நக்கிக்கொண்டிருக்கிறாள். பிடுங்கினால், "எனக்குத்தான் எல்லாம் முடிஞ்சாச்சே, இனி என்னட்டி பயம்?" என்கிறாள். மாத்திரையையும் நினைத்தால்தான் விழுங்குகிறாள். பொறுக்க முடியாமல் மடத்துக்குப் போன் போட்டேன்.

"ஒன்னாலதாம்லே இதெல்லாம். அவ நல்லாத்தான் இருக்கா. நீ போட்ட பலி வீண்."

"வீணாகலக்கா. அந்த நாள் அங்கனயேதான் கிடக்கு."

நன்றாகத் திட்டத்தான் வாயைத் திறந்தேன். வேறு கேள்வி வந்துவிட்டது. "அந்த நாள்ல நான் எங்கலே இருந்தேன்?"

"அடுக்களையில. வந்தவங்களுக்கு சாயா போட்டுக்கிட்டு இருந்தே. அதுக்குள்ள அம்மா போயிட்டா."

போனை வைத்துவிட்டேன். அவன் சொல்வதில் ஒரு எழுத்தைக்கூட நான் நம்பவில்லை. மடமும் மண்ணாங்கட்டியும். ஆனால் அன்றிலிருந்து, வீட்டுக்கு ஆள் வந்தால் அடுக்களைக்குள் போகக் கால் வரவில்லை. மெஸ்ஸில் அண்டா அண்டாவாகச் சாயா போடுகிறவள், வீட்டுக்கு வருகிறவர்களுக்கு தெருமுக்குக் கடையிலிருந்து வாங்கி வரச்சொல்லிக் கொடுத்துவிட்டு, அம்மாவின் கட்டில் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறேன்.

"இவளுக்கு என்ன பிடிச்சிருக்குன்னு தெரியல" என்று அம்மா வந்தவர்களிடம் சொல்கிறாள். எனக்கும் தெரியவில்லை.