பபூன் பெத்தணனின் முகம்

மேடையில் தானே சிரித்துக்கொண்டு வசனம் பேசுகிற பபூன்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். சிரிக்க வேண்டியது சனம். இவனுக்கு எதற்கு அந்த வேலை? எங்கள் பெத்தணன் அண்ணன் பதினெட்டு வருஷத்தில் மேடையில் ஒரு பல்லைக்கூட வெளியே காட்டியதில்லை. நான் அவருக்கு மத்தளம். கோயில் பொங்கல் சாட்டிய ஊர்களில் நாடகம் போட்டால் முதலில் அவர்தான் வருவார். நான் உட்கார்ந்தபடி கேள்வி கேட்பேன். ரேஷன் கடை வரிசையில் நிற்கிற ஆள் மாதிரி அவர் பதில் சொல்வார்.

“கம்பெனியில என்ன வேலண்ணே பாக்கீக?”

“உசுரோட வீட்டுக்கு வாரதுதான் வேல. மத்ததெல்லாம் ஓவர்டைம்.”

பட்டாசுக் கம்பெனி வேலை முடிந்து, குளித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கும் பெண்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்கள்.

நாடகம் இல்லாத நாளில் அவரும் எம். புதுப்பட்டிப் பக்கம் ஒரு கம்பெனிக்கு வெடிமருந்து கலக்கப் போவார். போன வருஷம் பங்குனியில், நாடகம் முடிந்து தூங்காமல் வேலைக்குப் போனவர், தூக்கி வைக்க வேண்டிய மருந்துச் சட்டியைக் கை அலுப்பில் தரையோடு இழுத்துவிட்டார். உரசினால் என்ன ஆகும் என்று அங்கே யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. அறையில் அவர் மட்டும் இருந்தது பெரிய புண்ணியம்.

ஏழு மாதம் கழித்து முகத்துக் கட்டைப் பிரித்தபோது இடது கன்னம் சுருங்கி, உதட்டோரம் மேலே ஏறி நின்றுவிட்டது. எந்நேரமும் சிரிக்கிற முகம். துஷ்டி கேட்க இழவு வீட்டுக்குக்கூட அவரால் போக முடியவில்லை. கம்பெனியில், உன்னைப் பார்த்தால் மற்றவர்கள் வேலைக்கு வரப் பயப்படுவார்கள் என்று போர்மேன் வாசலோடு அனுப்பிவிட்டார். பாவி, அவரே அண்ணன் ஜோக்குக்கு விழுந்து விழுந்து சிரித்தவர்தான்.

அண்ணன் மனைவி தங்கத்தாய் என் வீட்டுக்கே வந்து நின்றார்.

“ரெண்டு மாசமா ஒரு வார்த்த பேசல தம்பி. நேத்து கிணத்தடியில போயி அம்புட்டு நேரம் நிக்காரு. ஒரே ஒரு மேடை வாங்கிக் குடுங்க. இல்லன்னா இந்த மனுசன் எனக்குத் தங்க மாட்டாரு.”

நாடக ஏஜெண்டிடம் சண்டை போட்டுச் சாத்தூர் பக்கம் ஒரு ஊரில் மேடை வாங்கினேன். அண்ணன் வந்தார். அதே கேள்வியைக் கேட்டேன். அதே பதிலைச் சொன்னார். ஒரு சத்தம் இல்லை. முன்னால் இருந்த பெண்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். ஒருத்தி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அந்த ஊரில் யார் சொந்தத்தில்தான் இப்படி ஒரு முகம் இல்லை? இன்னும் மூன்று ஜோக் சொல்லிப் பார்த்தார். எனக்குத் தாளம் தப்பியது.

அண்ணன் பேச்சை நிறுத்தினார். மைக் முன்னால் கையெடுத்துக் கும்பிட்டார். ஏற்ற இறக்கம் இல்லாத அதே குரல்.

“ஆத்தா, கொஞ்சம் சிரிச்சிருங்க. கம்பெனியில எடுக்க மாட்டேங்காக. இதுவும் போச்சுன்னா நான் செத்துப்போவேன்.”

பின்னாலிருந்து ஒரு பெண் களுக்கென்று சிரித்தாள். அடுத்து இன்னொருத்தி. பிறகு மொத்தக் கூட்டமும். கண்ணைத் துடைத்தவளும் சிரித்தாள். கும்பிட்ட கையை அவர் இறக்கவில்லை, அதற்கும் சிரித்தார்கள்.

கோயில் கமிட்டித் தலைவர் மேடைக்குப் பின்னால் ஓடி வந்து துண்டு போர்த்தினார். “அந்தக் கெஞ்சுறது பிரமாதம்ணே. அடுத்த வாரம் ஆலங்குளத்துல எங்க மச்சினன் தெருவுல பொங்கல். அங்கனயும் அப்பிடியே கெஞ்சிருங்க.”

அவர் போனதும் அண்ணன் என்னைப் பார்த்தார்.

“நெசமாத்தாம்லே கேட்டேன், சிவபாண்டி.”

பிறகு துண்டை மடித்துக்கொண்டே, ஆலங்குளத்துக்கு என்ன தேதி என்று கேட்டுவரச் சொல்லி என்னை அனுப்பினார்.