கல்குடாவில் சாம்பியன் ஓட்டம்

கல்குடாக் கடற்கரையில் கார்ப் பந்தயம் நடக்கிறது. இந்த வருடத்தின் கடைசி ஓட்டம். இன்று வெல்பவர்தான் வருடச் சாம்பியன். யுத்தம் முடிந்த கிழக்கிலங்கைக்கு இது பெரிய பரிசாம், ஒலிபெருக்கி அலறுகிறது. சுனாமியில் சுவர்கள் போய் அத்திவாரம் மட்டும் மிஞ்சிய வீடுகளைச் சுற்றிப் பழைய டயர்களை அடுக்கிவிட்டு, அதை 'அபாய வளைவு' என்கிறார்கள். தோணிகளை ஒதுக்கச் சொல்லியாகிவிட்டது. மீனவர்கள் வெயிலில் நிற்கிறார்கள், விருந்தினர் கொட்டகை நிழலில்.

கடைசிச் சுற்றில் முன்னால் வந்த சிவப்புக் கார் மணலில் புதைகிறது. சில்லு சுற்றச் சுற்ற இன்னும் இறங்குகிறது. கொழும்பு ஓட்டுநர் பதற்றத்தில் தலையை வெளியே நீட்டி, மீனவர்களைக் கைகாட்டிக் கூப்பிடுகிறார். ஆறேழு பேர் ஓடிப்போய்த் தள்ளுகிறார்கள். தோணி தள்ளிப் பழகிய தோள்கள் அல்லவா, கார் ஒரே மூச்சில் வெளியேறி முதலாவதாகக் கோட்டைத் தாண்டுகிறது.

நடுவர் கையை விரிக்கிறார். வெளியாள் தள்ளினால் வெற்றி செல்லாதாம். பட்டம் பின்னால் வந்தவருக்குப் போகிறது. சிவப்புக் கார்க்காரர் தலைக்கவசத்தை மணலில் எறிந்து, தள்ளியவர்களையே திட்டுகிறார்.

தள்ளியவர்களில் ஒருவர், அருளப்பு, என் பக்கத்தில் வந்து நின்று இடுப்புச் சாரத்தில் ஒட்டிய மணலைத் தட்டுகிறார்.

"தள்ளக் கூடாதெண்டு காலையில இருந்து சொன்னாங்களே, அண்ணன்?" என்கிறேன்.

"எந்தப் பாசையில தம்பி?"

யோசித்துப் பார்க்கிறேன். சிங்களத்தில் சொன்னார்கள், ஆங்கிலத்தில் சொன்னார்கள். தமிழில் சொன்னது, விருந்தினரின் வாகனங்கள் நிற்கும் பக்கம் வர வேண்டாம் என்பது மட்டும்.