நாலு பன்னிரண்டுக்கு பஸ்ஸில் ஏறியவர்கள்

இதை நம்பச் சொல்லி யாரையும் கெஞ்சப்போவதில்லை. நடந்தது நடந்ததுதான். நான் குடிக்கிறவள் இல்லை. கண்ணிலும் கோளாறு கிடையாது. பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவர்களுக்கு அடிக்கடி உடம்பையும் கண்ணையும் சோதித்துத்தான் சீட்டுக் கொடுப்பார்கள். இருபத்தாறு வருஷமாக அந்தச் சீட்டை வாங்கி வைத்திருக்கிறேன். என் பெயர் ஓசெல்லா. ஊர் மர்டிஸ். அலபாமாவில், நூற்று எண்பத்தேழு பேர் குடியிருக்கிற ஊர்.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதை நினைத்தால் எனக்குப் பயத்தைவிடக் கோபம்தான் அதிகமாக வருகிறது.

ஊர்க் கோடியில் ரோட்டுக்குக் குறுக்கே ஒரு ரயில்பாதை. ரயில் நின்று முப்பது வருஷமாகிறது. தண்டவாளத்துக்கு நடுவே இடுப்பளவு புல். ஆனாலும் சட்டம் சட்டம்தான். பள்ளிக்கூட பஸ் எந்தத் தண்டவாளத்தைக் கடந்தாலும் நிற்கவேண்டும். கதவைத் திறக்கவேண்டும். ரயில் சத்தம் வருகிறதா என்று காது கொடுத்துக் கேட்கவேண்டும். பிறகுதான் கதவைச் சாத்திவிட்டுக் கிளம்பலாம். பஸ் காலியாக இருந்தாலும் நான் இதைச் செய்யாமல் விட்டதில்லை. கடைசிப் பிள்ளையை இறக்கிவிட்டு அங்கே வந்து சேரும்போது மணி 4:12 ஆகும்.

அந்தத் தண்டவாளத்தை ஒட்டிய செம்மண் மேட்டில்தான் எங்கள் ஆட்கள் படுத்திருக்கிறார்கள்.

ஊரின் நூற்று இருபத்தைந்தாவது ஆண்டு விழாவுக்கு ஒரு புத்தகம் போட்டார்கள். வழவழ காகிதம், வண்ணப் படங்கள். இந்த ஊருக்கு ரயிலைக் கொண்டுவந்தவர் கர்னல் டில்மன் என்று அதில் இருக்கிறது. தலையில் தூக்கிக்கொண்டு வந்தார் போலிருக்கிறது. என் அப்பாவின் தாத்தா ஐசாயாவைப் பற்றி ஒரு வரி கிடையாது. கறுப்பு ஆள் வேலை இல்லாமல் ரோட்டில் நின்றது குற்றம் என்று அவரைப் பிடித்தார்கள். கைதி என்று முத்திரை குத்தி, காலில் சங்கிலி போட்டு, டில்மனுக்கு வாடகைக்கு விட்டார்கள். அவரைப் போல இன்னும் எத்தனையோ பேர். தண்டவாளம் போட்டவர்கள் அவர்கள். செத்தவர்களை அங்கேயே புதைத்தார்கள். கல் இல்லை, பெயர் இல்லை.

ஐசாயாவின் மனைவி டெம்பி, புருஷனைத் தேடி எண்பது மைல் நடந்து வந்து சேர்ந்தபோது அவர் மண்ணுக்குள் இருந்தார். செத்தவர் கடைசியாகத் தண்ணீர் குடித்த கோப்பையை அவர் தலைமாட்டில் கவிழ்த்து வைப்பது எங்கள் வழக்கம். அடியில் ஒரு ஓட்டை போட்டுத்தான் வைப்போம். ஓட்டை போடாவிட்டால் அந்தச் சாவு இன்னொரு ஆளையும் கூப்பிட்டுக்கொள்ளும் என்பார்கள். டெம்பி தன் புருஷனுக்கு வைத்தாள். தேடி வர நாதி இல்லாத மற்றவர்களுக்கும் அவளேதான் தேடித் தேடி வைத்தாள். மொத்தம் நாற்பத்தொன்று.

நவம்பர் முதல் வாரம், ஞாயிற்றுக்கிழமை. நாங்கள் எல்லோரும் தேவாலயத்தில் இருந்த நேரம் பார்த்து மேட்டைச் சமப்படுத்திவிட்டார்கள். விழாவுக்குக் கார் நிறுத்த இடம் வேண்டுமாம். செய்தது மேயர் ராய்ஸ் டில்மன், அந்தக் கர்னலின் கொள்ளுப்பேரன்.

திங்கட்கிழமை அவர் அலுவலகத்துக்குப் போனேன். என்னைவிட நாலு வயது சின்னவர். ஆனாலும் அவர் வெள்ளையர், நான்தான் 'மிஸ்டர்' போடவேண்டும்.

"மிஸ்டர் ராய்ஸ், அங்க எங்க ஆளுங்க படுத்திருக்காங்க. உங்களுக்கே தெரியும்."

"அங்க ஒரு கல்லு கூட இல்லையே ஓசெல்லா. பதிவுலயும் ஒண்ணும் இல்ல. எத்தனை பேரு, யாரு யாருன்னு சொல்லு, பாப்போம்."

"பேரை எழுதி வைக்காமப் போனது யாரு?"

"அதெல்லாம் பழைய கதை. சனிக்கிழமை காலையில ஜல்லி கொட்டுறாங்க. நீயும் விழாவுக்கு வா. கறி சுடுறோம்."

"கோப்பைங்களையாவது குடுங்க."

"கார்லீன் அதையெல்லாம் கழுவி எங்க வீட்டுக் கண்ணாடி அலமாரியில அடுக்கி வெச்சிருக்கா. குப்பையில கிடந்ததை அழகு பண்ணினதுக்கு நீ நன்றி சொல்லணும்." கார்லீன் அவர் மனைவி.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. வாயைத் திறந்தால் வேலை போய்விடும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு வெளியே வந்தேன்.

அண்ணன் ஆமோஸிடம் சொன்னேன். அவன் பீன்ஸ் உரித்துக்கொண்டிருந்தான்.

"அம்மா சொன்னது ஞாபகமிருக்கா ஓசி? கல்லறையில வெச்சதை எடுத்தா, வெச்சிருந்தவன் தேடி வருவான்."

"வரட்டும். நல்லா வரட்டும்."

"எங்க வரது? டில்மன் வீடு அஞ்சு மைலு. கால்ல சங்கிலியோட எப்படி நடப்பான்?" என்று சொல்லிவிட்டு அவனே சிரித்தான். நான் சிரிக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை.

மணி 4:12. தண்டவாளத்துக்கு முன்னால் நிறுத்தினேன். நல்ல வெளிச்சம் இருந்தது. கதவைத் திறந்தேன். எப்போதும் புல்லுக்குள் பூச்சிகள் கத்திக்கொண்டிருக்கும். அன்றைக்கு ஒரு சத்தமும் இல்லை.

பஸ் வலப்பக்கமாக லேசாக அமுங்கியது. பிள்ளைகள் முதல் படியில் கால் வைத்தால் அப்படித்தான் அமுங்கும்.

திரும்பிப் பார்த்தேன். யாரும் இல்லை.

நான் உட்கார்ந்திருந்தேன். ஐந்து விநாடி இருக்கும்... பஸ் மறுபடி நிமிர்ந்தது. ஏறலாமா என்று யோசித்துவிட்டு இறங்கின மாதிரி.

காற்று என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மரத்தில் ஒரு இலை அசையவில்லை.

புதன்கிழமை. 4:12.

கதவைத் திறந்தேன். பஸ் அமுங்கியது. ஒரு படி... இரண்டாவது படி... மூன்றாவது படி.

க்ளிங்.

இரும்பு இரும்பில் உரசுகிற சத்தம். என்னைத் தாண்டிப் போயிற்று. ஈர மண் வாடை. மூன்று வாரமாக மழையே கிடையாது.

க்ளிங்... க்ளிங்...

தலைக்கு மேலிருந்த கண்ணாடியில் பார்த்தேன். மூன்றாவது வரிசை இருக்கை, ஆள் உட்கார்ந்தால் பள்ளமாகுமே, அப்படிப் பள்ளமானது. ஆள் இல்லை.

"இறங்குங்க" என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை. பிறகு இருக்கை நிமிர்ந்தது. க்ளிங்... க்ளிங்... படி படியாக இறங்கியது. சொன்ன பேச்சைக் கேட்டு இறங்கியது. வீட்டுக்கு வந்து பார்த்தபோது பஸ் படியில் செம்மண். ஐந்து விரலும் தெளிவாகப் பதிந்த வெறுங்கால்.

வியாழக்கிழமை நான் நிறுத்தவில்லை.

இருபத்தாறு வருஷத்தில் முதல் தடவை. வேகத்தைக் கூடக் குறைக்கவில்லை. தண்டவாளத்தில் பஸ் தூக்கிப் போட்டது.

அப்போது கேட்டது.

பட்... பட்... பட்... பட்...

பஸ்ஸின் பக்கவாட்டுத் தகரத்தைக் கையால் அடிக்கிற சத்தம். பஸ்ஸைத் தவறவிட்ட பிள்ளைகள் ஓடி வந்து அடிப்பார்களே, அதே சத்தம். ஒரு கை இல்லை. இரண்டு பக்கமும் நிறைய கைகள். நிறுத்து, நிறுத்து என்பது போல. கொஞ்ச தூரம் வந்து, பின்தங்கி, நின்றுபோயிற்று.

அன்று ராத்திரி எனக்கு என் மேலேயே கோபம். எழுதுகிறவன் விட்டுவிட்டான். பதிகிறவன் விட்டுவிட்டான். கடைசியில் நானும் அவர்களை ரோட்டில் விட்டுவிட்டு ஓடிவந்திருக்கிறேன். டெம்பியின் ரத்தம் எனக்குள்ளே ஓடுகிறது என்று இனி எந்த வாயால் சொல்வேன்?

வெள்ளிக்கிழமை.

மறுநாள் காலை ஜல்லி கொட்டிவிடுவார்கள். அதற்கு மேல் அவர்களுக்கு வெளியே வர வழி கிடையாது.

4:12. நிறுத்தினேன். கதவைத் திறந்தேன்.

"ஏறுங்க" என்றேன்.

அமுங்கியது. க்ளிங்.

அமுங்கியது. க்ளிங்.

திரும்பவில்லை. கண்ணாடியையும் பார்க்கவில்லை. முன்னால் இருந்த கடிகாரத்தை மட்டும் பார்த்தேன். 4:15... 4:18... இன்னும் ஏறிக்கொண்டிருந்தார்கள்.

ஜன்னல்கள் உள்ளிருந்து வேர்த்தன.

என் காதுக்குப் பின்னால் மூச்சு.

குளிர்ந்த மூச்சு.

4:23.

அசைவு நின்றது.

எல்லோரும் உட்கார்ந்துவிட்டார்கள்.

கதவைச் சாத்தினேன். பஸ் நகர மறுத்து முனகியது. நிறைமாதக்காரி நடப்பதைப் போலத் தண்டவாளத்தைக் கடந்தது. என் வீட்டுக்கு வலப்பக்கம் திரும்பவேண்டும். நான் இடப்பக்கம் திரும்பினேன். அந்தத் திருப்பத்தில்தான் பயம் என்னை விட்டுப் போனது. மிச்சம் இருந்தது கோபம் மட்டும்தான்.

டில்மன் வீட்டு வாசலில் பஸ்ஸை நிறுத்தும்போது மணி 4:36. ராய்ஸ் காப்பிக் கோப்பையோடு வெளியே வந்தார். கனமான வெள்ளைக் கோப்பை, நீல எழுத்தில் அவர் பெயர் போட்டது.

"ஓசெல்லா? பஸ்ஸை எதுக்கு இங்க கொண்டு வந்த?"

"ஆளுங்களை இறக்கிவிட வந்தேன், ராய்ஸ்."

'மிஸ்டர்' போடவில்லை. அதை அவர் கவனித்தார்.

"எந்த ஆளுங்க?"

"எத்தனை பேரு, யாரு யாருன்னு கேட்டீங்களே. நீங்களே பாத்துக்குங்க."

கதவைத் திறந்தேன்.

க்ளிங்.

அவர் வாசலில் கூழாங்கல் பரப்பியிருந்தது. அந்தக் கல் நறநறத்தது. ஒரு அடி... இன்னொரு அடி... பஸ்ஸிலிருந்து அவர் நிற்கிற படிவரைக்கும். ஒருவர் பின் ஒருவராக. ஒவ்வொரு ஆளுக்கும் பஸ் கொஞ்சம் கொஞ்சமாக நிமிர்ந்தது. ராய்ஸின் முகம் சுண்ணாம்பாக வெளுத்தது. கையில் இருந்த காப்பி தளும்பிச் சட்டையில் கொட்டியது. அவர் துடைக்கவில்லை. பக்கவாட்டில் நகர்ந்து வழிவிட்டார்.

கதவைச் சாத்திவிட்டு வந்துவிட்டேன். சங்கிலிச் சத்தம் வீட்டுக்குள்ளே போய்க்கொண்டிருந்தது.

சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு ஜல்லி லாரி வந்தது. ஓட்டி வந்தவன் கொட்டாமலே திரும்பிப் போய்விட்டான். சமப்படுத்திய செம்மண்ணில் நாலு வரிசையாகக் கோப்பைகள் கவிழ்ந்து இருந்தன. சுற்றிலும் ஒரு செருப்புத் தடம் கூட இல்லை.

ஷெரீப் என்னிடம்தான் முதலில் வந்தார். வேறு யாரிடம் வருவார்? ராத்திரி முழுக்க நானும் ஆமோஸும் பாட்டும் ஜெபமுமாகத் தேவாலயத்தில் இருந்தோம். முப்பது பேர் சாட்சி. டில்மன் வீட்டு அலமாரி பூட்டிய பூட்டோடு இருந்ததாம். உள்ளேதான் ஒன்றும் இல்லை.

ஷெரீப்போடு நானும் மேட்டுக்குப் போனேன். நாற்பத்தொன்று இருந்தது. கடைசி வரிசையின் ஓரத்தில் இன்னும் ஒன்று இருந்தது. கனமான வெள்ளைக் கோப்பை. நீல எழுத்து. ஷெரீப் அதை எடுத்துத் திருப்பிப் பார்த்தார். அடியில் ஓட்டை இல்லை.

ராய்ஸ் இன்றைக்கும் உயிரோடுதான் இருக்கிறார். மேயர் வேலையை விட்டுவிட்டார். காகிதக் குவளையில்தான் குடிக்கிறாராம். குடித்ததும் தன் கையாலேயே எரித்துவிடுகிறாராம். சாயங்காலம் நாலு மணிக்கு மேல் வாசலுக்கு வருவதே இல்லை.

பிப்ரவரியில் பல்கலைக்கழகத்திலிருந்து ஒரு பெண், தோண்டாமலே மண்ணுக்குள் பார்க்கிற கருவியோடு வந்தாள். இரண்டு நாள் மேடு முழுக்கத் தள்ளிக்கொண்டு நடந்தாள். கோப்பை இருந்த ஒவ்வொரு இடமும் ஒரு குழியின் தலைமாடு. ஒரு அங்குலம் தப்பவில்லை. குழிகள் நாற்பத்திரண்டு என்றாள்.

"நாப்பத்தொண்ணுதான்மா" என்றேன்.

"இல்ல மேடம். அந்த ஓரத்துல ஒண்ணு இருக்கு, பாருங்க." திரையைக் காட்டினாள். "அகலம், ஆழம், வெட்டின விதம், எல்லாம் மத்த குழி மாதிரியேதான். அதே காலத்துல, அதே ஆளுங்க வெட்டினதா இருக்கணும். ஆனா உள்ள யாரையும் வைக்கல. வெட்டி, சும்மா மூடி வெச்சிருக்காங்க."

அவள் அளந்து சொன்னாள். மற்ற குழிகளைவிட அது ஒரு முழம் நீளமாம். ராய்ஸ் டில்மனைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். எங்கள் ஊரிலேயே உயரமான ஆள் அவர்தான்.