கரடியும் ஐந்து ஆட்சிகளும்

கரடிக்குத் தலை வாரிக்கொண்டிருந்தார் கரடிக்காரர். சட்டைப்பையிலிருந்து எடுத்த சீப்பால் அதன் நெற்றி முடியை இடப்பக்கமாகப் படிய வைத்து, இரண்டடி பின்னால் போய் நின்று பார்த்தார். திருப்தி வந்ததும் ஜன்னல் கண்ணாடியில் முகம் பார்த்து, அதே சீப்பால் தம் தலையையும் வாரிக்கொண்டார். இருவருக்கும் முன்னந்தலையில்தான் கொஞ்சம் வறட்சி.

"அதுக்குப் பாச்சை உருண்டை, எனக்கு எண்ணெய். மத்தபடி ரெண்டு பேரும் ஒண்ணுதான் சார். நின்னு நின்னே காலம் போச்சு."

எங்கள் ஊர் அருங்காட்சியகம் என்பது பழைய ரயில்வே அலுவலகத்தின் மூன்று அறைகள். முதல் அறையில் உடைந்த பானைகள், இரண்டாவதில் செல்லாத நாணயங்கள், மூன்றாவதில் கரடி. முதல் இரண்டு அறைகளையும் வருகிறவர்கள் ரயிலைப் பிடிக்க ஓடுகிறவர்கள் போலக் கடந்துவிடுவார்கள். காரணம் ஒரு புத்தகம். வெளிநாட்டார் ஆண்ட காலத்தில் ஒரு துரை எழுதிய வேட்டைக் கதை அது. நாய் மோப்பம் பிடிக்க, துரை பின்தொடர, கடைசி அத்தியாயத்தில் ஒரே குண்டில் ஆட்கொல்லிக் கரடி சாய்கிறது. மூன்று தலைமுறைப் பிள்ளைகள் அதைத் துணைப்பாடமாகப் படித்துவிட்டார்கள். அந்தக் கடைசி அத்தியாயம் நடந்தது எங்கள் ஊர்க் குன்றில் என்பதால் பாடம் செய்த கரடி எங்களுக்கு வந்து சேர்ந்தது.

அதன் வழிகாட்டிதான் இவர். ஊரில் கரடிக்காரர் என்றால்தான் தெரியும். கரடி விடுகிறவர் என்று முழுதாகச் சொல்ல வாய் வலித்துச் சுருக்கிக்கொண்டார்கள் என்று டீக்கடையில் ஒரு கட்சி உண்டு. ஒல்லியான உடம்பு, அதற்குச் சம்பந்தமே இல்லாத, கிணற்றுக்குள்ளிருந்து வருவது போன்ற குரல். பள்ளிக் குழந்தைகள் வந்து கயிற்றுக்கு வெளியே வரிசையாக நின்றதும் தொண்டையைச் செருமிக்கொண்டு, எப்போதும் ஒரே வாக்கியத்தில் தொடங்குவார்.

"பேக்ரவுண்டு தெரியாம பாத்தா இது வெறும் கம்பளி, கண்ணுகளா!"

அந்தப் பின்னணிதான் அவருடைய தொழில். கரடி ஒன்றுதான், பின்னணி ஆட்சிக்கு ஒன்று.

துரையின் கதை புத்தகத்தில் இருப்பது. வெளிநாட்டார் போனபின் அரண்மனைக்காரர்கள் செல்வாக்கோடு இருந்தார்கள். அப்போது கரடியைச் சுட்டது அரண்மனை இளவரசர் என்றும், துரை பக்கத்தில் நின்று கைதட்டினார் என்றும் ஆயிற்று. இவர் வேலைக்குச் சேர்ந்தது அந்தக் கதையில்தான். பிறகு தொழிலாளர் கட்சி வந்தது. இளவரசர் ஒரே இரவில் கரடிக்குப் பயந்து மரத்தில் ஏறிக்கொண்டார். ரயில் பாதை போட்ட கூலிகள் கடப்பாரையோடு சூழ்ந்து நின்று கொன்றார்கள். ஒற்றைக் குண்டு பட்ட துளையோடு கரடி நின்றால் கடப்பாரைக் கதையை யார் நம்புவார்கள்? ஆகவே ஒரு ஞாயிற்றுக்கிழமை கரடிக்காரர் குடைக்கம்பியைக் கொண்டு கரடியின் விலாவில் அங்கங்கே குத்தினார். குத்தும்போது கண்ணை மூடிக்கொண்டதாகச் சொன்னார்.

அதற்கடுத்து வந்தவர்கள் காடு, விலங்கு என்று உருகுகிறவர்கள். யாரும் கரடியைக் கொல்லவில்லை, வயதாகித் தூக்கத்தில் இயற்கை எய்தியது என்று சுற்றறிக்கை வந்தது. துளைகளை எல்லாம் அடைக்க வேண்டியதாயிற்று. பக்கத்துத் தெருவில் தையல் கடை வைத்திருக்கும் கரடிக்காரர் மனைவி ஊசியும் கறுப்பு நூலுமாக வந்து, இரண்டு நாள் கரடியைக் கட்டிக்கொண்டு தைத்தார். கம்பீரத்துக்காகக் கீழே போட்டிருந்த மரப்பீடத்தையும் அப்போது எடுத்துவிட்டார்கள். புத்தகத்தில் ஒன்பதடி கரடி. பீடம் போனதும் என் தோளுக்கு வந்தது. பார்க்கப் பாவமாக இருந்தது, சுற்றறிக்கை விரும்பியதும் அதைத்தான்.

இப்போது ஆள்கிறவர் வந்ததும் பீடம் திரும்பி வந்தது. கரடியை வீழ்த்தியது தலைவரின் பாட்டனார். அதுவும் நேருக்கு நேர் நின்று, நெற்றியில் ஒரே குண்டு. வீரன் பக்கவாட்டில் சுடமாட்டான் அல்லவா? மறுபடி மனைவி வந்தார். தோளில் முன்பு அடைத்த குண்டுத் துளையின் தையல் தெரியாதபடி ஒட்டுப்போட்டு, நெற்றியில் புதுத் துளை திறந்தார்.

"என் பொண்ணு கவுனுக்குக்கூட இத்தனை தையல் போட்டதில்லைங்க" என்று அந்த அம்மாள் என்னிடம் அலுத்துக்கொண்டார். "இவரு கதையை மாத்திட்டுப் போயிடுவாரு. பிரிச்சுத் தைக்கறது நானு."

நான் ஒருநாள் நேராகவே கேட்டுவிட்டேன். "உண்மையில என்னதான் நடந்தது?"

அவர் கோபப்படவில்லை. நல்ல சந்தேகம் கேட்ட மாணவனைப் பார்ப்பது போல் பார்த்தார். "எந்த ஆட்சியில கேக்கறீங்க?"

உண்மை என்னவென்று தெரிந்துகொள்ளப் பெரிய ஆராய்ச்சி ஒன்றும் வேண்டாம். துரையின் புத்தகத்திலேயே மூன்றாம் அத்தியாயத்தில் இருக்கிறது. பரீட்சைக்கு வராத அத்தியாயம் என்பதால் யாரும் படிப்பதில்லை, அவ்வளவுதான். அந்தத் துரைதான் இங்கே ரயில் பாதை போட வந்தவர். தண்டவாளத்துக்கு அடியில் போடுகிற கட்டைகளுக்காகக் குன்றின் ஒரு பக்கத்தையே மொட்டையடித்ததைப் பெருமையாக எழுதியிருக்கிறார். தேன்கூடு கட்டிய மரமும் போயிற்று, பழமரமும் போயிற்று. கரடி வயலுக்கு இறங்கியது. அதே வருஷம்தான் உள்ளூர்க்காரன் துப்பாக்கி வைத்திருக்கக் கூடாது, ஈட்டிக்குக்கூட அனுமதி வாங்க வேண்டும் என்று சட்டம் வந்திருந்தது. ஊர் கூடி மனுக் கொடுத்தது. வேட்டையாட அனுமதி உள்ளவர் விடுமுறையில் இருக்கிறார் என்று பதில் வந்தது. அந்த அனுமதி உள்ளவர் நம் துரைதான். அவர் திரும்பி வருவதற்குள் பதினொரு பேர் செத்தார்கள், எல்லாரும் கட்டை சுமந்த கூலிகள், விறகு பொறுக்கப் போன பெண்கள். வந்தார், சுட்டார், புத்தகம் எழுதினார். பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டிய கதைக்கு நாம் இத்தனை காலமாகக் கைதட்டிக்கொண்டிருக்கிறோம்.

எனக்கு ஆத்திரமாக வருவது இதுதான். ஐந்து கதையிலும் அந்தப் பதினொரு பேருக்குக் கிடைத்தது "பலரைக் கொன்ற" என்ற ஒரே அடைமொழி. கரடிக்காரர் அந்த இடத்தில் மூச்சுகூட விடுவதில்லை, தாண்டிப் போய்விடுவார். குழந்தைகளும் அவர்களைப் பற்றிக் கேட்பதில்லை. எல்லாக் காலத்திலும், எல்லாப் பள்ளியிலிருந்தும் ஒரே கேள்விதான் வரும்: "அந்த நாய் என்ன ஆச்சு?"

"பொழச்சுடுச்சு" என்பார் உடனே. இந்தப் பதில் மட்டும் எந்த ஆட்சியிலும் மாறியதில்லை. ஏன் என்று கேட்டேன். "நாய்க்குக் கட்சி கிடையாது சார். அது பொழச்சா யாருக்கும் நஷ்டமில்ல."

அவரைப் பச்சோந்தி என்று நான் எழுதிவிடலாம். ஆனால் ஆரம்பத்தில் அவரோடு இருந்த மூத்த வழிகாட்டியை எனக்குத் தெரியும். ஒரே கதையை மாற்றாமல் சொன்னவர். அதுவும் உண்மைக் கதை இல்லை, அரண்மனைக் கதைதான், பழக்கதோஷம். ஆட்சி மாறிய மறுநாளும் வாய்தவறி இளவரசரையே சுடவிட்டார். இப்போது பேருந்து நிலையத்தில் சைக்கிள்களுக்கு டோக்கன் கொடுத்துக்கொண்டிருக்கிறார். கரடிக்காரருடைய வேலையும் ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டிய தற்காலிக வேலைதான். இருபத்தாறு வருஷமாகத் தற்காலிகம். தலைக்கு மேல் கத்தி தொங்கும்போது கழுத்தை ஆட்டி ஆட்டித்தானே பிழைக்க வேண்டும்?

போன மாதம் அந்தக் கத்தி நிஜமாகவே இறங்கியது. செய்தித்துறையிலிருந்து ஓர் அதிகாரி அம்மாள் வந்தார். இனிமேல் கரடிக்குப் பக்கத்தில் ஒரு பொத்தான் இருக்கும், அமுக்கினால் குரல் கேட்கும், அந்தக் குரல் கரடிக்காரருடையதாகவே இருக்கட்டும் என்று மேலிடம் விரும்புகிறது என்றார். குரலைக் கொடுத்தால் இந்த வருஷ வேலை உத்தரவு வரும். கொடுக்காவிட்டால் கொடுக்கிறவரைப் பார்த்துக்கொள்வார்கள்.

அன்று மாலை கரடிக்காரர் என் வீட்டுக்கு வந்து தண்ணீர் வாங்கிக் குடித்தார்.

"வாயால சொன்னது காத்தோட போயிடும் சார். மெஷின்ல சொன்னது நிக்கும். தேர்தலுக்கு இன்னும் ரெண்டு மாசம். இவங்க போயி அவங்க வந்தா, மொத நாளே பொத்தானை அமுக்குவாங்க. என் குரல்ல இவங்க தாத்தா பேரு வரும். அப்புறம் நானும் சைக்கிளுக்கு டோக்கன் போடவேண்டியதுதான்."

"அவங்க கதை என்ன?"

"கூட்டத்துலயே சொல்லிட்டாங்களே. எதிர்க்கட்சித் தலைவியோட அப்பாவுக்கு அத்தையாம். உலக்கையாலயே அடிச்சுக் கொன்னாங்களாம்." சிரிக்கப் பார்த்தார், வரவில்லை. "பொண்ணு படிப்பு இன்னும் ஒரு வருஷம் இருக்கு சார்."

ஒரு வாரம் தொண்டைக்கட்டு என்று மப்ளரைச் சுற்றிக்கொண்டு திரிந்தார். வெயில் மண்டையைப் பிளக்கிற மாதத்தில் மப்ளர். அதிகாரி அம்மாள் தேன் வாங்கி அனுப்பினார். அதற்கு மேல் தொண்டை கட்டிக்கொள்ள வழியில்லை. பதிவு அன்று கரடிக்காரர் என்னையும் வரச் சொன்னார். "சும்மா பக்கத்துல நில்லுங்க. தெரிஞ்ச முகம் ஒண்ணு இருந்தா நாக்கு குழறாது."

போனபோது கரடியின் எதிர்ச் சுவரில் தலைவருடைய பாட்டனாரின் பெரிய படத்தை மாட்டியிருந்தார்கள். முறுக்கிய மீசை, கையில் துப்பாக்கி, காலடியில் எங்கள் கரடியைவிடப் பெரிய கரடி. காற்றுக்கும் கலவரத்துக்கும் அசையாதபடி தச்சர் நான்கு மூலையிலும் திருகாணி போட்டு முடுக்கியிருந்தார். கரடிக்காரர் அந்தப் படத்தையே வெகுநேரம் பார்த்தார். பிறகு அவர் முகத்தில் ரத்தம் திரும்பியதை நான் கண்டேன்.

அதிகாரி அம்மாள் தட்டச்சு செய்த தாளை நீட்டினார். அதைப் பயபக்தியோடு வாங்கி ஒருமுறை படித்தார்.

"அருமையா எழுதியிருக்கீங்க மேடம். ஒரு சின்ன யோசனை. பேரைச் சொன்னா அது வெறும் சத்தமாப் போயிடும். 'அதோ, எதிரே படத்தில் கம்பீரமாக விளங்குகிறாரே, அவரேதான்' அப்படின்னு சொன்னா? அத்தனை பேரும் தலையைத் தூக்கிப் பாப்பாங்க. அதுல ஒரு மரியாதை இருக்கு."

அம்மாள் யோசித்தார். பிடித்துப்போயிற்று. குறித்துக்கொண்டார்.

"அப்புறம் இங்க, 'மீசையை முறுக்கியபடி'ன்னு இருக்கு. படத்துலதான் மீசை ஜம்முனு தெரியுதே, நாம வேற எதுக்குச் சொல்லிக்கிட்டு?"

மீசை போயிற்று.

"துப்பாக்கியும் அப்படித்தான் மேடம். 'கையிலிருந்த ஆயுதத்தால்'னு சொன்னா வீரம் இன்னும் கூடுது. ஆயுதம் யார் கையில வேணா இருக்கும், தைரியந்தானே பெருசு?"

"சபாஷ்!" என்றார் அம்மாள். இத்தனை வருஷம் இவரைத் தற்காலிகமாகவே வைத்திருப்பது அநியாயம், மேலிடத்தில் சொல்கிறேன் என்றும் சொன்னார். எனக்குச் சிரிப்பை அடக்க வயிறு வலித்தது. கரடியின் நெற்றித் துளைக்கு மேலே ஒரு தோல் மடிப்பு புதிதாகத் தொங்குவதை அப்போதுதான் கவனித்தேன். அந்த மனைவி கெட்டிக்காரி. வேண்டும்போது இழுத்துத் துளையை மூடிவிட, உள்ளே சட்டைக்கு வைக்கிற அமுக்குப் பொத்தான் வைத்துத் தைத்திருந்தார்.

பதிவு தொடங்கியது. பேக்ரவுண்டு, கம்பளி, காடு, ரயில், பலரைக் கொன்ற கரடி, அதோ படத்தில் விளங்குகிறவர், கையிலிருந்த ஆயுதம். கிணற்றுக் குரல் ஓரிடத்திலும் தடுமாறவில்லை. அந்தப் பலர் பதினொரு பேர் என்று பத்து விரலையும் விரித்து, பிறகு ஒற்றை விரலைத் தூக்கி அவருக்குச் சாடை காட்டினேன். அவர் என்னைப் பார்த்தார், புரிந்தது என்று தலையாட்டினார், ஆனால் தாண்டிப் போய்விட்டார். "நாய் பிழைத்துக்கொண்டது" என்று மட்டும் கல்வெட்டுப் போல நிறுத்திச் சொல்லி முடித்தார்.

அதிகாரி அம்மாள் கைகுலுக்கிவிட்டுக் கிளம்பினார். வண்டிச் சத்தம் தெருமுனை திரும்பும் வரை கரடிக்காரர் காதைத் தீட்டிக்கொண்டு நின்றார். பிறகு ஸ்டூலை எதிர்ச் சுவரோரம் இழுத்துப் போட்டு ஏறி, இடுப்பிலிருந்து திருப்புளியை எடுத்து, படத்தின் நான்கு திருகாணிகளையும் ஒவ்வொன்றாகக் கழற்றினார். நடுவில் ஒரே ஓர் ஆணி அடித்து அதில் படத்தைத் தொங்கவிட்டார். ஒருமுறை கழற்றிப் பார்த்தார், ஒரே கையில் லேசாக வந்தது. மறுபடி மாட்டிக் கோணலைச் சரிசெய்துவிட்டு, ஸ்டூலிலிருந்து இறங்கி, செருப்பைக் கழற்றி வைத்து, படத்தைப் பார்த்து இரண்டு கையையும் கூப்பிக் கும்பிட்டார்.